படிவம் 9-ஜி: மொஹாகைட்டின் குணமும் பயனும்

ஆர்வோ கங்காஸ் முப்பத்திரண்டு வருஷம் பனி தள்ளும் லாரி ஓட்டினான். ஓய்வு பெற்ற மறுநாளே சமையலறை ஜன்னலோரம் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டான். மாநிலத்தின் வடகோடியிலிருக்கும் எங்கள் கீவினாவில் நவம்பரில் விழ ஆரம்பிக்கிற பனி ஏப்ரல் வரைக்கும் விடாது. அவனுக்குப் பதிலாக வந்த ஓட்டுநர் தெருவைக் கடக்கும் ஒவ்வொரு தடவையும் ஆர்வோ உள்ளேயிருந்து திருத்துவான்.

"பிளேடத் தூக்குடா! தபால் பெட்டிய இடிக்கப் போற! பாரு பாரு... இடிச்சுட்டான்!"

ஓட்டுநருக்கு இது ஒன்றும் கேட்காது. கேட்டதெல்லாம் கார்லீனுக்குத்தான். கார்லீன் அவன் மனைவி. கார்ன்வாலிலிருந்து சுரங்க வேலைக்கு வந்த குடும்பத்துப் பெண். இறைச்சியும் உருளைக்கிழங்கும் அடைத்துச் சுடும் அந்த ஊர் பேஸ்டிக்குள் காரட் போடுகிறவர்களோடு பேச்சுவார்த்தை வைத்துக்கொள்ள மாட்டாள். இரண்டு குளிர்காலம் பொறுத்துப் பார்த்தாள். மூன்றாவது வருஷம் மே மாதம் பனி உருகியதும், ஒரு சுத்தியலையும் வாளியையும் அவன் கையில் கொடுத்து வெளியே தள்ளினாள்.

"போய் சுரங்கத்துக் குவியல்ல கல்லு பொறுக்கு. சாயங்காலத்துக்கு முன்னாடி வந்தா கதவத் திறக்க மாட்டேன்."

ஊர்க் கடைசியில் மூடிப்போன செப்புச் சுரங்கம் ஒன்று இருக்கிறது. வேண்டாமென்று சுரங்கக்காரர்கள் அந்தக் காலத்தில் கொட்டிய கல்லெல்லாம் குன்றாக நிற்கிறது. அந்தக் குவியலில் தேடினால், அதிர்ஷ்டம் இருந்தால், மொஹாகைட் கிடைக்கும். செம்பும் ஆர்சனிக்கும் கலந்த கல். ஆர்சனிக் என்றால் பாஷாணம்தான். பார்க்க அழுக்குப் பழுப்பாக இருக்கும். கையில் எடுத்தால் அளவுக்குப் பொருந்தாத கனம் கனக்கும். உடைத்தால் உள்ளே வெள்ளிபோல ஒரு பளபளப்பு, அதில் லேசாக மஞ்சள். சில மாதம் காற்றுப் பட்டால் அதே முகம் பழுப்பாகி, ஊதாவாகி, மயில்கழுத்து நீலம்கூட எட்டிப் பார்க்கும்.

ஆர்வோ அதை அறுக்கக் கற்றுக்கொண்டான். முதல் நாற்பது கல்லைக் கெடுத்தான். தூசி பறக்காமல் தண்ணீர் ஊற்றிக்கொண்டே அறுக்க வேண்டும், மாஸ்க் போட வேண்டும், முடித்ததும் கை கழுவ வேண்டும் என்றெல்லாம் தெரிந்துகொண்டான். பளபளப்பு போகாமலிருக்க மேலே ஒரு பூச்சு வார்னிஷ். கழுத்தில் தொங்கவிட, மோதிரத்தில் பதிக்க என்று செய்து கொடுத்தான். ஆறு வருஷம் அந்த வீட்டுச் சமையலறையில் சத்தமே இல்லை. பக்கத்து வீட்டுக்காரன் நான், பள்ளிப் பேருந்து மெக்கானிக்காக இருந்தவன், இதற்குச் சாட்சி.

போன வருஷம் செப்டம்பரில் குவியலுக்குப் பக்கத்துக் கம்பத்தில் ஒரு மஞ்சள் தாள் ஒட்டியிருந்தது. வரும் ஜூன் முதல் தேதி கிரஷர் வரும், குவியல் முழுவதும் அரைக்கப்பட்டுச் சாலை ஜல்லியாகும் என்றிருந்தது. அடியில் பொடி எழுத்தில் ஒரு விலக்கு: மாநிலக் கனிமக் குணப் பயன் நிர்ணய வாரியத்தின் பதிவேட்டில் "பயனுள்ளது" என்று ஏறிய கனிமம் உள்ள குவியலை அரைக்கக் கூடாது. விண்ணப்பிக்கப் படிவம் 9-ஜி.

ஆர்வோ தாளைப் படித்துவிட்டு வந்து ஜன்னலோர நாற்காலியில் உட்கார்ந்தான். கார்லீன் அந்த நாற்காலியையே பார்த்தாள்.

"கோர்டி," என்றாள் என்னிடம். "அந்தப் படிவத்த நாளைக்கே வாங்கிட்டு வா."

படிவத்தில் இரண்டே கேள்வி. குணம்? பயன்? குணம் என்ற இடத்தில் ஆர்வோ, "வெள்ளி நிறம். கனம். கத்தியால் கீறலாம். சூடாக்கினால் பூண்டு வாசனை வரும், ஆனால் சூடாக்கக் கூடாது" என்று எழுதினான். பயன் என்ற இடத்தில் பேனாவை வைத்துக்கொண்டு அரைமணி நேரம் யோசித்தான். பிறகு, "பார்க்க நன்றாக இருக்கும்" என்று எழுதி, பூச்சு போடாத ஒரு கல்லை மாதிரியாக வைத்து அனுப்பினான்.

ஜனவரியில் பதில் வந்தது. அக்டோபரில் பெறப்பட்ட மாதிரி வெள்ளி நிறம், தற்போது அலமாரியில் உள்ள மாதிரி பழுப்பும் ஊதாவும். ஆகவே மாதிரி மாற்றப்பட்டிருப்பதாக வாரியம் ஐயுறுகிறது, விண்ணப்பதாரர் நேரில் வந்து விளக்க வேண்டும்.

"அவங்க அலமாரிக்குள்ள புகுந்து நான் எப்படிய்யா மாத்துவேன்?" என்றான் ஆர்வோ.

வாரியம் இருப்பது மாநிலத் தலைநகர் லான்சிங்கில். ஒன்பது மணி நேரப் பயணம். நான்தான் ஓட்டினேன். பனிப்புயலில் முப்பத்திரண்டு வருஷம் லாரி ஓட்டிய ஆர்வோ, மக்கினாக் பாலத்துக்குத் தெற்கே வண்டி ஓட்ட மாட்டான். "பாலத்துக்குக் கீழ இருக்கறவனுங்களுக்கு ஓட்டத் தெரியாது. பயமா இருக்கு" என்பான். கார்லீன் கொடுத்த பேஸ்டிகளைக் கண்ணாடிக்குக் கீழே ஹீட்டர் காற்றில் வைத்துச் சூடு ஆறாமல் கொண்டுபோனோம்.

வாரியத்தில் ஏழு பேர். தலைவி டாக்டர் ஹோல்ட்காம்ப். நரை முடியை இழுத்துக் கட்டியவர், ஒவ்வொரு வாக்கியத்தையும் கல்வெட்டில் பொறிப்பதுபோல நிறுத்தி நிறுத்திச் சொல்பவர். அவருக்கு வலப்பக்கத்தில் அபாயப் பிரிவு அதிகாரி பிரெஸ்காட், ஒல்லியான இளைஞர். பேச ஆரம்பித்தால் மூச்சு வாங்குவதற்குக்கூட நிறுத்துவதில்லை.

"மிஸ்டர் கங்காஸ், இந்தக் கல் என்ன நிறம்? ஒரே பதில் சொல்லுங்க," என்றார் தலைவி.

"என்னைக்கு?"

"என்னைக்குன்னா என்ன அர்த்தம்?"

"உடைச்ச அன்னைக்கு வெள்ளி. அப்புறம் பழுப்பு. அப்புறம் ஊதா. அது அப்படித்தாங்க மேடம். காத்துப் பட்டா மாறும்."

தலைவி கண்ணாடியைக் கழற்றினார். "கனிமங்கறது நிலையானது. அதனாலதான் அதுக்குப் பதிவேடு வச்சிருக்கோம். தன் இஷ்டத்துக்கு நிறம் மாத்திக்க ஒரு கனிமத்துக்கு அதிகாரம் கிடையாது. இந்த அலுவலகத்துல நாங்களே நாற்காலி உறையோட நிறத்த மாத்த நாலு வருஷமா எழுதிக்கிட்டு இருக்கோம்."

ஒரு மணி நேர விவாதத்துக்குப் பிறகு வழி பிறந்தது. பெயர் மாற்றிக்கொள்கிற மனிதர்களுக்கான படிவத்தில் "பெயர்" என்று வந்த இடமெல்லாம் அடித்து "நிறம்" என்று எழுதினார்கள். "மாற்றத்துக்கான காரணம்: திருமணம், விவாகரத்து, பிற" என்ற இடத்தில் "பிற" என்பதில் ஆர்வோ டிக் போட்டான். கல்லின் கையெழுத்துக்கான இடத்தில் அவனே காப்பாளராகக் கையெழுத்திட்டான். பதிவேட்டில் "நிறம்: வெள்ளி (முன்னாள்)" என்று ஏறியது.

பிப்ரவரியில் வாசனைக்கான விசாரணை. மறுபடியும் ஒன்பது மணி நேரம். படிவத்தில் பூண்டு வாசனை என்று எழுதியிருப்பதால் வாரியம் அதை முகர்ந்து உறுதி செய்ய வேண்டும் என்றார் தலைவி. சூடாக்கினால் ஆர்சனிக் புகை வரும், அதை யாரும் முகரக் கூடாது, கட்டடத்தையே காலி செய்ய வேண்டியிருக்கும் என்று பிரெஸ்காட் நாற்பது நிமிஷம் பேசினார். அவர் சொன்னது அத்தனையும் சரி என்பதால் ஆர்வோ தலையை ஆட்டிக்கொண்டே இருந்தான். விதியையும் விட முடியாது, உயிரையும் விட முடியாது.

கடைசியில் ஆளை அனுப்பிக் கடையிலிருந்து ஒரு பூண்டு வாங்கிவரச் செய்தார்கள். ஏழு பேரும் அதை வரிசையாக முகர்ந்தார்கள். ஐந்து பேர் பூண்டு வாசனை என்றார்கள். ஒருவர் வெங்காயம் என்று மாற்றுக் கருத்து பதிவு செய்தார். ஜலதோஷம் பிடித்திருந்தவர் வாக்களிக்கவில்லை. "வாசனை: பூண்டு. பெரும்பான்மை முடிவின்படி உறுதி செய்யப்பட்டது" என்று தலைவி படித்தார்.

 திரும்பும்போது, பாலத்தைத் தாண்டிய பிறகு ஆர்வோ, "யோவ் கோர்டி, அவங்க பூண்டத்தானே முகர்ந்தாங்க?" என்றான்.

"ஆமா."

"சரி. எனக்குத்தான் ஏதோ ஆயிடுச்சோன்னு நெனச்சேன்."

மார்ச் விசாரணைக்குக் கார்லீனும் வந்தாள். அன்றைக்குத்தான் பயன் பற்றிய கேள்வி. முதலில் பிரெஸ்காட் எழுந்தார்.

"இந்தக் கல்ல வீட்ல வச்சு அறுக்கறது அபாயம். தூசி உள்ள போகும். ஆர்சனிக் உடம்புல சேரும். தனிநபர் யாரும் இதக் கையாளக் கூடாதுங்கறது என் பிரிவோட நிலைப்பாடு."

"தண்ணி ஊத்தித்தான் அறுக்கறேன் சார். மாஸ்க் போடறேன்," என்றான் ஆர்வோ.

கார்லீன் எழுந்தாள். "தம்பி, ஒரு சின்னக் கல்ல ஈரமா வச்சு அறுத்தாலே தூசின்னா, மொத்தக் குன்றையும் கிரஷர்ல போட்டு அரைச்சு ரோட்ல கொட்டினா தூசி வராதா?"

"வரும். நிறையவே வரும். ஆனா அது சாலைத் துறையோட தூசி. என் பிரிவுக்கு வர்றது தனிநபர் தூசி மட்டும்தான்."

அவர் முகத்தில் கொஞ்சமும் சிரிப்பில்லை. மற்ற ஆறு பேரும் அந்த வித்தியாசத்தை மதிப்போடு குறித்துக்கொண்டார்கள்.

அடுத்து தலைவி. "'பார்க்க நன்றாக இருக்கும்'னு எழுதியிருக்கீங்க. எங்க பட்டியல்ல முப்பத்தோரு பயன் இருக்கு. அழகு அதுல இல்ல. அத ஒரு தடவை ஒத்துக்கிட்டா அப்புறம் ஏரி வரும், மேப்பிள் மரம் வரும், சூரியன் மறையறதுக்கு ஒருத்தர் படிவத்தோட வருவார். இந்த வாரியம் தாங்காது. பயன்னா அது இல்லாட்டி யாருக்காவது கஷ்டமா இருக்கணும். ஏப்ரல் விசாரணைல அப்படி ஒண்ணு சொல்லுங்க. இல்லேன்னா மனு தள்ளுபடி."

மதிய இடைவேளையில் நாங்கள் தாழ்வாரத்தில் பேஸ்டி சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். வெங்காயம் என்று சொன்ன உறுப்பினர் வந்தார். சுற்றும் முற்றும் பார்த்தார்.

"மிஸ்டர் கங்காஸ், இது அலுவல் சம்பந்தப்பட்டதில்ல. என் மகளுக்குப் பிறந்த நாள் வருது. அந்த ஊதா மாதிரி ஒண்ணு..."

ஆர்வோ பையிலிருந்து ஒரு கல்லை எடுத்துக் கொடுத்தான். பிறகு ஜலதோஷக்காரர் வந்தார். பிறகு மற்ற மூவரும், ஒருவரை ஒருவர் தெரியாதவர்கள்போல, ஐந்து நிமிஷ இடைவெளியில் வந்தார்கள். கடைசியாகத் தலைவி வந்து, மணிக்கட்டைத் திருப்பிக் கடிகாரத்தைப் பார்ப்பதுபோல நின்றுகொண்டு, "சங்கிலில கோக்கற மாதிரி இருக்கா?" என்றார். பிரெஸ்காட் மட்டும் வரவில்லை. தூரத்தில் நின்று எங்கள் விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தார், சாப்பிடுமுன் கை கழுவினோமா என்று.

ஏப்ரல் விசாரணை. எங்கள் ஊரில் இன்னும் இடுப்பளவு பனி, லான்சிங்கில் புல் முளைத்திருந்தது. தலைவி வந்து உட்கார்ந்தார். கழுத்தில் சங்கிலி, சங்கிலியில் மொஹாகைட்.

கார்லீன் கை தூக்கவில்லை, அனுமதி கேட்கவில்லை.

"மேடம், அழகு பயன் இல்லேன்னீங்க. அப்ப அது உங்க கழுத்துல என்ன பண்ணிக்கிட்டு இருக்கு?"

 இன்னொரு உறுப்பினர் மோதிர விரலை மேஜைக்கு அடியில் இழுத்துக்கொண்டார். தலைவி பதக்கத்தைத் தொட்டுப் பார்த்தார், அது அங்கே இருப்பதை அப்போதுதான் கண்டுபிடித்தவர்போல.

"இது அணியப்பட்டிருக்கு," என்றார் கடைசியில். "பயன்படுத்தப்படல. ரெண்டும் வேற வேற. குறிப்புல ஏத்துங்க."

ஆர்வோ எழுந்தான். அவன் கூட்டத்தில் பேசி நான் பார்த்ததில்லை. தொப்பியைக் கையில் சுருட்டிக்கொண்டு நின்றான்.

"எனக்குப் பயன்னு எழுதத் தெரியல மேடம். உள்ளதச் சொல்றேன். வேலைலேருந்து நின்ன பிறகு நான் ஒண்ணுத்துக்கும் ஆகாதவனா உட்கார்ந்திருந்தேன். நாள் பூரா கத்திக்கிட்டு இருந்தேன். பனி தள்றவனப் பாத்துக் கத்தறதா நெனச்சேன். அவனப் பாத்து இல்லன்னு இப்பத் தெரியுது. இந்தக் கல்ல முதல்ல உடைச்சப்ப உள்ள அப்படி ஒரு வெளிச்சம். சத்தியமா அன்னைக்குக் கத்தணும்னே தோணல. குவியல் போச்சுன்னா நான் திரும்ப அந்த நாற்காலிக்குத்தான் போவேன். எனக்குக் கஷ்டம். இவளுக்கு அதவிடக் கஷ்டம்."

 கார்லீன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். தலைவி பட்டியலை எடுத்து விரலால் மேலிருந்து கீழே தடவிக்கொண்டு போனார். எருவைத் தாண்டியது விரல், கட்டுமானத்தைத் தாண்டியது. ஓரிடத்தில் நின்றது.

"பயன் எண் இருபத்திரண்டு. ஒலித் தடுப்புப் பொருள்," என்றார். "மிஸஸ் கங்காஸ், சாட்சி சொல்ல வாங்க. சத்தம் எங்கேருந்து வந்துச்சு?"

"என் புருஷன்கிட்டேருந்து."

"கல் வந்த பிறகு?"

"நின்னுடுச்சு."

"வேற காரணம் இருக்கலாமா? மருந்து? மதம்?"

"லூதரன் சர்ச்சுக்கு இவன் முன்னாடியும் போயிட்டுத்தான் இருந்தான். அதுல ஒண்ணும் குறையல."

ஆறு பேர் ஆதரித்தார்கள். பிரெஸ்காட் மட்டும், களத்தில் அளந்து பார்க்காமல் ஒலித் தடுப்பை ஏற்க முடியாது என்றார். வீட்டில் வைத்து அளக்க வேண்டும், அளவு ஐம்பத்தைந்து டெசிபலைத் தாண்டினால் மனு தள்ளுபடி, தானே ஒலி மீட்டரோடு வருவதாகச் சொன்னார். மே இருபத்தெட்டு. கிரஷர் வர நாலு நாள் முன்னால்.

சொன்ன தேதியில் வந்தார். பாலத்தைத் தாண்டி அவர் இதற்குமுன் வந்ததில்லையாம். மீட்டரைச் சமையலறை மேஜையில் வைத்தார். இரண்டு மணி நேரம் சாதாரணமாக இருங்கள் என்றார். ஆர்வோ சாதாரணமாக இருக்கப் பாடுபட்டு வேர்த்துப்போனான். கார்லீன் அடுப்படியில் கரண்டியைக்கூடத் துணி சுற்றி வைத்தாள். நான் வாசல்படியில் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

பிரெஸ்காட் பேசினார். மீட்டர் எப்படி வேலை செய்யும் என்று விளக்கினார். ஒலி என்றால் என்ன என்று விளக்கினார். ஏன் அமைதியாக இருக்க வேண்டும் என்பதற்கு ஆறு காரணம் சொன்னார். இரண்டு மணி நேரம் முடிந்ததும் மீட்டரைப் பார்த்தார்.

"அறுபத்தொண்ணு. தாண்டிடுச்சு. யார் பேசினது?"

நாங்கள் மூவரும் அவரைப் பார்த்தோம்.

அந்த இளைஞரின் முகம் மெல்ல வெளுத்தது. "நான்," என்றார். நாற்காலியில் உட்கார்ந்தார். "யாரோட சத்தம்னு விதில இல்ல. மொத்தச் சத்தம்னுதான் இருக்கு. நானே எழுதின விதி."

இதை அவர் சொன்னபோது அழுதுவிடுவார் போலிருந்தது. ஆர்வோவுக்குக் கோபம் வரும் என்று நினைத்தேன். அவன் போய் அந்தத் தோளில் கை வைத்தான்.

"விடுங்க தம்பி. வேணும்னு செஞ்சீங்களா?"

கார்லீன்தான் ஏப்ரனை அவிழ்த்தாள். "ஒலித் தடுப்புக் கல்ல அளக்க வந்துட்டு, கல்லே இல்லாத சமையல்கட்டுல அளந்தா? கெளம்புங்க எல்லாரும். குவியலுக்கு."

விதியில் இதற்குத் தடை இருக்கிறதா என்று பிரெஸ்காட் வழியெல்லாம் யோசித்தார். தடை இல்லை. குவியலில் ஆர்வோ அவரிடம் கண்ணாடியும் கையுறையும் சுத்தியலும் நீட்டினான்.

"நான் தொடக் கூடாது," என்றார் பிரெஸ்காட். "நான் அபாயப் பிரிவு."

"கையுறை இருக்கு. அப்புறம் கை கழுவிக்கலாம். இதத் தூக்கிப் பாருங்க. கனம் தெரியுதா? இங்க, ஓரத்துல ஒரே ஒரு தட்டு."

தட்டினார். ஒன்றும் ஆகவில்லை. கனிமங்களின் பிளவு பற்றி ஏதோ சொல்ல ஆரம்பித்தார். மறுபடி தட்டினார். கல் இரண்டாகப் பிரிந்தது. வெள்ளைப் படிகத்தின் நடுவே விரல் தடிமனுக்கு ஒரு பட்டை. உலகம் தோன்றிய நாளிலிருந்து யாரும் பார்க்காத வெள்ளி நிறம், வெயிலில் அப்படியே எரிந்தது.

பிரெஸ்காட் சொல்ல வந்த வாக்கியம் பாதியில் நின்றது. நாங்கள் காத்திருந்தோம். அவர் முடிக்கவில்லை. பாதிக் கல்லைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கழுத்துப் பட்டையைத் தளர்த்தினார். மீட்டரை ஒரு பாறைமேல் வைத்துவிட்டு அடுத்த கல்லைத் தேடிப் போனார்.

கார்லீன் இரண்டு தடவை சாப்பிடக் கூப்பிட்டாள். கையைத் தூக்கி, ஒரு நிமிஷம் என்று காட்டினார். ஆர்வோ வேர்த்துக் குளிக்கிற சௌனா அறைக்கு விறகு வைத்துச் சூடாக்கிவிட்டு வந்து பார்த்தபோதும் முட்டி போட்டு உட்கார்ந்திருந்தார், தலையெல்லாம் புழுதி. நான் கடிகாரத்தைப் பார்த்தேன். நாலு மணி நேரம்.

அன்று மாலை சௌனாவில் நன்றாக வேர்த்துக் குளித்து, மூன்று தடவை கை கழுவி, காரட் இல்லாத பேஸ்டி இரண்டு சாப்பிட்டு, அங்கேயே மேஜையில் அறிக்கை எழுதினார். எங்களுக்குப் படித்தும் காட்டினார்: "இடைவிடாமல் பேசும் இயல்புடைய நபர் ஒருவர் மேற்படி கனிமத்தின் அருகில் வைக்கப்பட்டார். நான்கு மணி நேரம் அவரிடமிருந்து ஒலி ஏதும் வெளிப்படவில்லை. பயன் எண் இருபத்திரண்டு உறுதி செய்யப்படுகிறது."

"யாரு அந்த நபர்னு கேட்டா?" என்றேன்.

"பெயருக்கு அந்தப் படிவத்துல இடம் இல்ல," என்றார் பிரெஸ்காட்.

ஜூன் முதல் தேதி கிரஷர் வரவில்லை. மஞ்சள் தாளுக்குப் பதில் கம்பத்தில் வெள்ளைத் தாள் ஒட்டியிருந்தது: "மொஹாகைட். ஒலித் தடுப்புப் பொருள். அரைக்கத் தடை." அதற்குக் கீழே யாரோ பென்சிலால், "சத்தம் போடாதீர்கள்" என்று எழுதியிருந்தார்கள்.

அன்று காலை குவியலுக்குப் போன ஆர்வோ, அறுபத்தொன்றைக் காட்டிய அந்த மீட்டரோடு திரும்பி வந்தான். பாறைமேலேயே இருந்ததாம். பனித்துளி படிந்து நனைந்திருந்தது.

"அரசாங்கச் சாமான் ஆச்சே," என்றேன். "பார்சல்ல அனுப்பிடலாமா?"

கார்லீன் அதை வாங்கித் துடைத்து அலமாரியில் வைத்தாள்.

"வேண்டாம்," என்றாள். "தேடிக்கிட்டு வரட்டும் அந்தப் புள்ள."